மோனே அணையும் அண்ணியின் கேள்வியும்

டண்டினொங்
4 மே 2025

அன்புள்ள தம்பி நாயகத்துக்கு,

போனில் கதைக்கத் தொடங்கினாலே "லைன் கிளியர் இல்லை அண்ணி" என்று வெட்டிவிடுகிறீர்கள். மெல்பேணுக்கும் சிட்னிக்கும் நடுவில் எங்கள் இரண்டு பேருக்கு மட்டும் எப்போதும் லைன் கிளியர் இல்லை. தாளை வெட்ட முடியாது என்பதால் எழுதுகிறேன்.

போனில் சொல்லி முடிக்காததை இப்போது முழுதாகச் சொல்கிறேன். எங்கள் சலாட் தொழிற்சாலையில் பாலா என்று ஒருவர் போர்க்லிஃப்ட் ஓட்டுகிறார். தூத்துக்குடிப் பக்கத்து மனிதர், எங்கள் வேதக்காரர்தான். மனைவி நோயில் இறந்துவிட்டார், பிள்ளைகள் இல்லை. என்னைக் கலியாணம் செய்யக் கேட்டார். நான் ஓம் என்று சொல்லிவிட்டேன். எனக்கு ஐம்பது ஆகப்போகிறது, சிரிக்கிறவர்கள் சிரிக்கட்டும். ஜெனோஜாவிடம் சொன்னபோது, "யூ டிசேர்வ் இட், அம்மா" என்று சொல்லிவிட்டுத் தன் அறைக்குள் போய்க் கதவைச் சாத்தினாள். பதினேழு வயதுப் பிள்ளை சொல்வதில் எது வாழ்த்து, எது கோபம் என்று எனக்கு இன்னும் பிடிபடவில்லை.

கோயிலில் தாலி கட்டவேண்டும் என்பது என் பிடிவாதம். அதில்தான் சிக்கல். உங்கள் அண்ணன் றொமேஷ் வன்னிப் போரில் காணாமற்போய்ப் பதினாறு வருடம். விசா அலுவலுக்காக எடுத்த மரணச் சான்றிதழ் என்னிடம் இருக்கிறது. அதில் இறந்த காரணம் எழுதும் இடத்தில் ஒரு கோடு மட்டும் இழுத்திருக்கிறார்கள். எங்கள் பங்குச் சுவாமி அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். "இது போதாதம்மா. அவர் இறந்திட்டார் எண்டு கொள்ளலாம் எண்டு ஆயர் எழுதித் தரவேணும். அதுக்கு, கடைசியாக் கண்ட ஒருத்தர் தான் கண்டதைச் சொல்லவேணும்" என்றார்.

கடைசியாகக் கண்டவர் நீங்கள். அந்த மாசி மாதம் முகாமில் முள்ளுக்கம்பிக்கு அந்தப் பக்கம் நின்று நீங்கள் எனக்குச் சொன்னது, "அண்ணன் மறுகரையில நிண்டவர், கையைக் காட்டினவர்" என்பது. அதைப் பிடித்துக்கொண்டுதான் நான் இவ்வளவு காலமும் இருந்தேன். இப்போது நான் கேட்பது அதற்கு மாறான ஒரு வார்த்தையை. கேட்க எனக்கே வெட்கமாக இருக்கிறது. ஆனாலும் கேட்கிறேன். அன்றைக்குக் குளத்துக்கட்டு உடைந்து தண்ணீர் வந்தபோது நீங்கள் உண்மையில் கண்டது என்ன? அதை எழுதி அனுப்புங்கள்.

வீட்டில் பிறின்சியை விசாரித்ததாகச் சொல்லுங்கள்.

அண்ணி மாக்கிறேட்

*

ஹோம்புஷ்
18 மே 2025

மதிப்புக்குரிய அண்ணிக்கு,

கடிதம் கிடைத்தது. பாலா என்பவரைப் பற்றி அறிந்து சந்தோஷம். உண்மையாகவே சந்தோஷம், பிறின்சியிடமும் அப்படித்தான் சொன்னேன். நீங்கள் கேட்டதற்கு வருகிறேன். அதற்கு முன் ஒன்று சொல்லவேண்டும், இல்லாவிட்டால் நான் ஏன் இப்படி இருக்கிறேன் என்று விளங்காது.

போர்வீரர்களை நினைக்கும் அன்சாக் நாளன்று எங்கள் ஆஸ்பத்திரி மேற்பார்வையாளர் என்னை ஒரு கிளப்புக்குச் சாப்பிட அழைத்தார். நோயாளியைக் கட்டிலோடு தள்ளுகிறவனை மேற்பார்வையாளர் அழைத்தால் போகாமல் இருக்க முடியுமா? சாப்பாட்டுக்குப் பிறகு பெரிய திரையில் ஒரு விவரணப்படம் போட்டார்கள். ஜேர்மனியில் மோனே என்று ஓர் ஆறு. அதன் குறுக்கே கல்லால் கட்டிய பெரிய அணை. இரண்டாம் உலகப்போரின் நடுவில், 1943 மே மாதத்தில், பிரித்தானிய விமானங்கள் இரவோடு இரவாகப் போய் அதை உடைத்தன. ஓட்டிகளில் ஒஸ்ரேலியர்களும் இருந்தார்கள், அதனால் இங்கே அதைப் பெருமையாகச் சொல்கிறார்கள்.

உடைத்த விதத்தைக் கேளுங்கள். அணைக்கு முன்னால் தண்ணீருக்குள் வலை கட்டியிருந்தார்கள், சும்மா குண்டு போட்டால் வலையில் சிக்கிவிடும். அதனால் பீப்பாய் போன்ற குண்டைச் சுழலவிட்டு, தண்ணீர்மேல் தத்தித் தத்திப் போகும்படி போட்டார்கள். நாங்கள் மன்னார்க் கடற்கரையில் ஓட்டாஞ்சில்லு எறிவோமே, அதேதான். குண்டு சுவரில் முட்டி, அடியில் தாழ்ந்து வெடிக்கும். ஐந்தாவது குண்டில் சுவர் திறந்தது.

அந்த இடத்தில் மண்டபத்தில் இருந்தவர்கள் எல்லோரும் கை தட்டினார்கள், அண்ணி. நானும் கையைத் தூக்கினேன். தட்ட வரவில்லை. திரையில் தண்ணீர் பள்ளத்தாக்கில் இறங்கிக்கொண்டிருந்தது. நான் எழுந்து வெளியே போய்க் கார் நிறுத்துமிடத்தில் நின்றேன். மேற்பார்வையாளர் வந்து, சாப்பாடு ஒத்துக்கொள்ளவில்லையா என்று கேட்டார். ஓம் என்றேன்.

அன்றிலிருந்து பரமட்டா நூலகத்தில் இந்த அணை பற்றிய புத்தகங்களை எடுத்து ரயிலில் படிக்கிறேன். நேற்று அந்த அணை உடைந்த நாள். இன்று எங்கள் போர் முடிந்த மே பதினெட்டு. காலையில் விளக்குக் கொளுத்திவிட்டு வந்து இதை எழுதுகிறேன். இரண்டு நாளும் பக்கத்தில் பக்கத்தில் வந்து நிற்பது என் தலைக்குள் எல்லாவற்றையும் கலந்துவிடுகிறது. அணைக்குக் கீழே பழைய மடத்துக் கோயில் ஒன்று இருந்ததாம். அதன் பெயருக்கு வானத்தின் கதவு என்று பொருள். தண்ணீர் வருவதை அறிந்த சுவாமி சனங்களை எழுப்பக் கோயில் மணியை அடித்திருக்கிறார். எங்களுக்கு மணி அடிக்க யாரும் இருக்கவில்லை.

நீங்கள் கேட்டதைக் கட்டாயம் எழுதுவேன். இன்று முடியவில்லை.

அன்புடன்
கிறிஸ்துநாயகம்

*

டண்டினொங்
2 யூன் 2025

தம்பி,

உங்கள் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். முதல்முறை கோபம் வந்தது. இரண்டாம் முறை இன்னும் கூடக் கோபம் வந்தது. ஜேர்மன்காரரின் அணையை யார், எப்படி உடைத்தார்கள் என்று ஆயர் இல்லம் கேட்கவில்லை. வலை, பீப்பாய், ஓட்டாஞ்சில்லு! நான் கேட்டது ஒரே ஒரு மனிதனைப் பற்றி. அவன் உங்களைச் சைக்கிள் பாரில் இருத்திப் பள்ளிக்கூடம் கொண்டுபோனவன்.

பாலா ஒரு நாளும் என்னை அவசரப்படுத்தியதில்லை. போன கிழமை மட்டும், "அங்கேர்ந்து லெட்டர் ஏதாச்சும் வந்துச்சா?" என்று கேட்டார். வந்தது என்றேன். "என்ன எழுதியிருக்கார்?" என்றார். ஜேர்மனியில் அணை உடைந்துபோச்சாம் என்றேன். "எப்போங்க?" என்று கேட்டார். இந்தக் குடும்பத்துக்குள் வருகிற மனிதருக்குப் பொறுமை வேண்டும் என்று அப்போதுதான் நினைத்தேன்.

உங்களுக்கு எழுத விருப்பமில்லை என்றால் நேரே சொல்லுங்கள். உங்கள் அண்ணன் இருந்த இடத்தில் இன்னொருவர் வருவது உங்களுக்குப் பிடிக்கவில்லை என்றால் அதையும் நேரே சொல்லுங்கள். நான் பொல்லாதவள்தான், ஆனால் சொன்னால் விளங்கிக்கொள்வேன்.

மாக்கிறேட்

அந்த மணி அடித்த சுவாமி தப்பினாரா?

*

ஹோம்புஷ்
22 யூன் 2025

அண்ணிக்கு,

தப்பவில்லை. கோயிலோடு சேர்த்து அவரையும் தண்ணீர் கொண்டுபோய்விட்டது.

பாலா வருவது எனக்குப் பிடிக்கவில்லை என்று எழுதியிருந்தீர்கள். அப்படி இல்லை. இருபது முறை எழுதத் தொடங்கிவிட்டேன். ஒவ்வொரு முறையும் முதல் வரியிலேயே நிற்கிறேன், ஏனென்றால் நான் கண்டது எது என்று எனக்கே தெரியவில்லை. நம்புங்கள்.

அந்த நாளை முதலில் ஒழுங்காக எழுதிப் பார்க்கிறேன். பிழை இருந்தால் திருத்துங்கள். நாங்கள் எல்லோரும் இடம்பெயர ட்ராக்டரில் ஏறிவிட்டோம். நீங்கள் ஜெனோஜாவை மடியில் வைத்துக்கொண்டு முன்னால் இருந்தீர்கள். அண்ணன் மட்டும் இறங்கித் திரும்பிப் போனார், எஞ்சினை எடுக்க. மன்னாரில் இருந்து வள்ளத்து எஞ்சினைக் கழற்றிக்கொண்டு வன்னி முழுதும் இழுத்தோமே! கடல் கண்ணில் படாத காட்டுக்குள் எஞ்சினுக்கு நீலத் தறப்பாள் போர்த்தி, எங்களுக்கு முன்னால் அதைத்தான் கொட்டிலுக்குள் வைப்பார். "எஞ்சின் இருந்தாத்தான்ரா நாளைக்கு நாங்கள் மனிசர்" என்பார். மற்றவர்கள் தங்கள் நகையைக் காத்தார்கள். எங்களுக்கு எஞ்சின்.

அவர் கொட்டிலுக்குப் போனபிறகுதான் குளத்துக்கட்டு உடைந்தது. உங்களோடு ட்ராக்டர் முன்னால் போய்விட்டது, நான் அண்ணனைப் பார்த்துக்கொண்டு மேட்டில் நின்றேன். எனக்குள் இரண்டு படம் இருக்கிறது. ஒன்றில் அண்ணன் மறுகரையில், ஒரு பனைக்குப் பக்கத்தில் நின்று கையைத் தூக்கிக் காட்டுகிறார். மற்றதில் நீல நிறத்தில் ஒன்று தண்ணீரில் புரண்டு புரண்டு போகிறது, அதிலிருந்து ஒரு கை. அண்ணன் கட்டியிருந்ததும் நீலச் சாரம், எஞ்சினை மூடியிருந்ததும் நீலத் தறப்பாள். கை என்று நான் கண்டது தறப்பாளின் கயிறாகவும் இருக்கலாம். மறுகரையில் கையைத் தூக்கியவர்கள் நிறையப் பேர், எல்லோரும் தங்கள் தங்கள் ஆட்களைக் கூப்பிட்டுக்கொண்டு நின்றார்கள். முகாமில் நீங்கள் கேட்டபோது முதல் படம்தான் எனக்கு முன்னுக்கு வந்தது. அதைச் சொன்னேன். இப்போது கேட்டால் எது முன்னுக்கு வருமென்று தெரியவில்லை.

இதனால்தான் அந்த அணையைப் பிடித்துக்கொண்டேன். அங்கே எந்த விமானம் எத்தனையாவதாகப் போனது, எத்தனை மணிக்குக் கல் பெயர்ந்தது, எல்லாம் எழுதியிருக்கிறது. எங்கள் கட்டை யார் உடைத்தது என்று இன்றைக்கும் ஆளுக்கொரு கதை. ஆமி அடித்த செல் விழுந்தது என்கிறார் ஒருவர். எங்கள் இயக்கப் பெடியள்தான் என்கிறார் இன்னொருவர். மழைதான் என்பவரும் உண்டு. அதே இரவில் சோர்ப்பே என்ற இன்னோர் அணையையும் அடித்தார்கள். அது மண் அணை, அதனால் உடையவில்லை என்று படித்தேன். எங்கள் கட்டும் மண்தானே, அது ஏன் உடைந்தது என்று ரயிலில் இருந்தபடி யோசித்து, இறங்கவேண்டிய நிலையத்தை விட்டுவிட்டேன்.

குழப்பத்தோடு
நாயகம்

*

டண்டினொங்
24 யூலை 2025

நாயகம்,

போன கடிதத்தைப் படித்துவிட்டு ஒரு மாதம் நான் உங்களுக்காகத்தான் மன்றாடினேன். பாவம், பெடியன் எவ்வளவு சுமந்திருக்கிறான் என்று நினைத்தேன். அதனால் பதில் எழுதவும் மனம் வரவில்லை, கேட்டதைத் திருப்பி எடுத்துவிடலாமா என்றுகூட யோசித்தேன்.

முந்தாநாள் உங்கள் அண்ணனின் பிறந்தநாள். வழக்கம்போல இங்கே பூசைக்குக் கொடுத்திருந்தேன். ஒவ்வொரு வருடமும் கொடுக்கிறேன், அவர் சுகமாகத் திரும்பி வரவேண்டும் என்று. பாலாவுக்குச் சொல்லிவிட்டுத்தான் கொடுத்தேன், அவரும் வந்து பின் வரிசை வாங்கில் முழங்காலில் நின்றார். தான் கட்டப்போகிறவளின் புருஷன் திரும்பி வர மன்றாடுகிற மனிதரை நீங்கள் வேறெங்கும் கண்டிருக்க மாட்டீர்கள். அன்று பின்னேரம் பிறின்சி போன் எடுத்தாள். கள்ளம் கபடம் இல்லாத பிள்ளை. "மச்சாள், நாங்களும் றொமேஷ் அத்தானுக்குப் பூசை குடுத்தனாங்கள். ஒவ்வொரு வருஷமும் ஆத்தும இளைப்பாற்றிக்குக் குடுக்கிறவர்தானே இவர்" என்றாள்.

நான் போனை அப்படியே கதிரையில் வைத்துவிட்டேன்.

ஒரே நாளில், ஒரே மனிதனுக்கு, மெல்பேணில் உயிரோடு இருப்பவனாகச் சுகத்துக்குப் பூசை, சிட்னியில் இறந்தவனாக ஆத்துமத்துக்குப் பூசை. ஆண்டவருக்கே தலை சுற்றியிருக்கும். உங்களுக்கு இரண்டு படம் என்று எழுதினீர்கள். உங்கள் பங்குக் கோயிலில் ஒரு படம்தான் இருந்திருக்கிறது போல. அந்தக் கோயில் அலுவலகத்தில் தெரியாத ஆட்களிடம் சொல்ல முடிந்ததை என்னிடம் மட்டும் சொல்ல உங்களுக்கு வாய் வரவில்லை.

மாக்கிறேட்

*

ஹோம்புஷ்
10 ஆகஸ்ட் 2025

அண்ணி,

கோபப்படுங்கள், ஆனால் நடந்ததைக் கேளுங்கள்.

வந்த புதிதில் நானும் சுகத்துக்குத்தான் கொடுத்தேன். ஒரு வருடம் பங்கு அலுவலகத்தில் புதிதாக ஒரு பெண்மணி இருந்தார். பெயரைச் சொன்னதும், "உயிரோடு இருப்பவரா, இறந்தவரா?" என்று ஆங்கிலத்தில் கேட்டார். எனக்குப் பின்னால் ஆட்கள் நின்றார்கள். எனக்குத் தெரியாது என்று சொன்னேன். அவர் பேனையை வைத்துவிட்டு என்னையே பார்த்தார். சொந்த அண்ணன் உயிரோடு இருக்கிறானா என்று தெரியாதவனை அவர் முன்பு கண்டதில்லை. பின்னால் ஒருவர் தொண்டையைச் செருமினார். இறந்தவர் என்று சொல்லிவிட்டேன். அடுத்த வருடமும் அதே பெண்மணி. போன வருடம் செத்தவர் இந்த வருடம் உயிரோடு இருக்கிறார் என்று எப்படிச் சொல்வது? அப்படியே போய்விட்டது. இப்போது அவர் நான் வாய் திறக்கும் முன்பே எழுதிவிடுகிறார். இதைச் சிரிப்பதா அழுவதா என்று எனக்குத் தெரியவில்லை. பூசையில் இருக்கும்போது மட்டும் மனதுக்குள், "சுவாமி, இது பிழையாயிருந்தா மன்னியும், அங்க அண்ணி குடுத்ததைக் கணக்கில எடும்" என்று சொல்வேன். நீங்கள் அங்கே கொடுப்பது எனக்குத் தெரியும். அது இருக்கிற துணிவில்தான் இங்கே இது நடந்தது.

அந்த அணையைப் பற்றி எழுதினால் திட்டுவீர்கள். ஆனாலும் இதை எழுதாமல் விடமுடியாது. அந்தப் பள்ளத்தாக்கில் நேஹைம் என்று ஓர் ஊர். அங்கே ஒரு முகாம், பிற நாடுகளில் இருந்து பிடித்து வந்து தொழிற்சாலைகளில் வேலை வாங்கிய ஆட்கள். அதிகம் பெண்கள், உக்ரைன் பக்கத்தவர்கள். தண்ணீர் முகாமை மரக் கொட்டில்களோடு அள்ளிக்கொண்டு போனது. இறந்தவர் தொகை ஒரு புத்தகத்தில் ஆயிரத்து இருநூற்றுக்கு மேல், இன்னொன்றில் ஆயிரத்து அறுநூறுக்குக் கிட்ட. எதைப் பார்த்தாலும் பாதிக்கு மேல் ஜேர்மன்காரரே இல்லை. எதிரியின் அணையை உடைத்ததில் எதிரி பிடித்து வைத்திருந்தவர்கள்தான் கூடச் செத்திருக்கிறார்கள்.

அணையால் றூர் பள்ளத்தாக்கின் உருக்காலைகளுக்குத் தண்ணீரும் மின்சாரமும் போனது, அதை நிறுத்தினால் போர் கெதியாக முடியும் என்று கணக்குப் போட்டார்கள். அந்த வருடம் முடிவதற்குள் ஜேர்மன்காரன் சுவரைத் திரும்பக் கட்டிவிட்டான், அதையும் பிடித்து வந்த ஆட்களை வைத்தே. போரில் அது பெரிய வெற்றியா, வெறும் பேரா என்று படித்தவர்கள் இன்றைக்கும் சண்டை பிடிக்கிறார்கள்.

எனக்கு அந்தச் சண்டை வேண்டாம். என்னை உலுப்பியது வேறு. அந்த முகாமில் எத்தனையோ பேர் காணாமற்போனவர்கள் என்றே நின்றுவிட்டார்கள். இந்தப் பெண் இந்த இடத்தில் நின்றாள், இந்தப் பக்கம் தண்ணீர் வந்தது என்று சொல்லப் பக்கத்தில் இருந்தவளும் மிச்சமில்லை. அண்ணனுக்கு அப்படி இல்லை. குழம்பிப்போனவன் என்றாலும் ஒருத்தன் மேட்டில் நின்றிருக்கிறான்.

எழுதுவேன் அண்ணி. கொஞ்சம் நேரம் கொடுங்கள்.

நாயகம்

*

டண்டினொங்
14 செப்ரெம்பர் 2025

தம்பி நாயகத்துக்கு,

அந்த அலுவலகப் பெண்மணியின் கதையைப் பாலாவுக்கு வாசித்துக் காட்டினேன். இரண்டு பேரும் வயிறு நோகச் சிரித்தோம். பிறகு நான் கோப்பை கழுவப் போகிறேன் என்று குசினிக்குள் போய் நின்றேன். உங்கள் மேல் இருந்த கோபம் அங்கே நிற்கும்போதுதான் போனது. அந்தக் கேள்வியை என்னிடம் கேட்டிருந்தால் நானும் பேனையைத்தான் பார்த்துக்கொண்டு நின்றிருப்பேன்.

இப்போது எனக்கும் ஒன்றும் விளங்கவில்லை. நீங்கள் எழுதமாட்டீர்கள் என்று இருந்தவரை உங்களைத் திட்டிக்கொண்டு நன்றாக இருந்தேன். எழுதுவேன் என்றதும் பயம் வந்துவிட்டது. நீங்கள் இறந்தார் என்று எழுதிவிட்டால் நான் அழவேண்டும் அல்லவா? எட்டுச் செலவு, முப்பத்தொன்று என்று ஒரு சடங்கும் செய்யப்படாத மனிதனுக்கு எந்த நாளில் இருந்து துக்கம் தொடங்குவது? ஒரு பக்கம் கலியாணச் சீலை பார்க்கவேண்டும், மறுபக்கம் கறுப்பு உடுக்கவேண்டும். இரண்டையும் ஒரே மாதத்தில் செய்கிற பெண்ணை ஊர் என்ன சொல்லும்? ஊர் போகட்டும், ஜெனோஜா என்ன நினைப்பாள்? அவளுக்கு அவர் முகம் தெரியாது. போன கிழமை திடீரென்று, "அம்மா, அப்பா வந்தா என்னை அடையாளம் தெரியுமா?" என்று கேட்டாள். தமிழில் கேட்டாள். அவள் தமிழில் கேட்டால் அது உண்மையான கேள்வி.

இன்னொன்று. பாலா சனிக்கிழமை நண்பரைப் பார்க்க சிட்னி போகிறேன் என்று சொல்லிவிட்டுப் போனார். திரும்பி வந்த மனிதரின் சட்டைப்பையில் ஹோம்புஷ் தோசைக் கடையின் கை துடைக்கும் தாள் இருந்தது. நான் அனுப்பவில்லை, என் பிள்ளைமேல் ஆணையாக. அவர் உங்களை நெருக்கியிருந்தால் நான் மன்னிப்புக் கேட்கிறேன். என்ன கதைத்தீர்கள் என்று கேட்டால், "சும்மாங்க" என்கிறார்.

அண்ணி

*

ஹோம்புஷ்
12 ஒக்ரோபர் 2025

அன்புள்ள அண்ணிக்கு,

பாலா நெருக்கவில்லை. அவர் வாசலில் வந்து நின்று பெயர் சொன்னபோது நான்தான் நடுங்கிவிட்டேன். சாட்சி கேட்கத்தான் வந்தார் என்று நினைத்துத் தோசைக் கடைக்குக் கூட்டிக்கொண்டு போனேன், வீட்டில் வைத்துக் கதைக்கப் பயம். அவர் அதைப்பற்றி வாயே திறக்கவில்லை. தோசையைப் பிய்த்துக்கொண்டு, "உங்க அண்ணன் எப்படிப்பட்டவருங்க? எதுக்குச் சிரிப்பாரு?" என்று கேட்டார்.

பதினாறு வருடத்தில் யாரும் என்னிடம் அதைக் கேட்டதில்லை, அண்ணி. எல்லோரும் இருக்கிறாரா, இல்லையா என்று மட்டுமே கேட்டார்கள். நான் சொல்லத் தொடங்கினேன். சீட்டாட்டத்தில் அவர் சீட்டை ஒளித்து அளாப்புவது, திருநாள் கூத்தில் பாட்டு எடுத்துவிட்டு நடுவில் மறந்து நிற்பது, மழையில் எஞ்சினுக்குத் தறப்பாளைக் கொடுத்துவிட்டுத் தான் நனைந்தபடி நித்திரை கொண்டது. கடைக்காரர் கதிரைகளை மேசைமேல் கவிழ்த்து வைக்கும்வரை கதைத்தேன். எழும்பும்போது எனக்குத் தெரிந்துவிட்டது. இப்படி ஒரு மனிதன் எங்கேயோ உயிரோடு இருந்தால், பெண்சாதி பிள்ளையிடம் ஒரு சொல்லாவது அனுப்பாமல் இருக்கமாட்டான்.

கீழே இருப்பதைச் சுவாமியிடம் கொடுங்கள். ஆங்கிலத்தில் ஒரு பிரதி பிறின்சி எழுதித் தந்தாள்.

கிறிஸ்துநாயகம் ஆகிய நான் ஆண்டவர் சந்நிதியில் சொல்வது: 2009 தை மாதத்தில் என் அண்ணன் றொமேஷ், வள்ளத்து எஞ்சினை எடுப்பதற்காக நாங்கள் விட்டுவந்த கொட்டிலுக்குத் திரும்பிப் போனார். அவர் போனபின் குளத்துக்கட்டு உடைந்தது. கொட்டில் இருந்த பள்ளம் முழுவதும் தண்ணீர் பாய்ந்ததை மேட்டில் நின்று கண்டேன். நீல நிறத்தில் ஒன்று அடித்துக்கொண்டு போனதைக் கண்டேன். அது அவர்தான் என்று என்னால் சத்தியம் செய்ய முடியாது. மறுகரையில் ஒருவர் கையைத் தூக்கியதையும் கண்டேன். அதுவும் அவர்தான் என்று என்னால் சத்தியம் செய்ய முடியாது. அதற்குப் பிறகு அவரைக் கண்டவர் எவரையும் நான் சந்திக்கவில்லை, தேடாத இடமும் இல்லை. என் அறிவுக்கு எட்டியவரை என் அண்ணன் அன்று இறந்துவிட்டார்.

அவ்வளவுதான். இதற்கு மேல் ஒரு வரி எழுதி, பிறின்சி வேண்டாம் என்றதால் வெட்டிவிட்டேன். உங்களுக்கு மட்டும் சொல்கிறேன். என் அறிவுக்கு எட்டியது என் மனதுக்கு இன்னும் எட்டவில்லை.

நாயகம்

*

டண்டினொங்
7 டிசெம்பர் 2025

அன்புள்ள தம்பி,

ஆயர் இல்லத்தில் இருந்து பதில் வந்துவிட்டது. உங்கள் எழுத்தையும், ஊரிலிருந்து வந்த இன்னும் இரண்டு பேரின் வாக்குமூலத்தையும் பார்த்து அனுமதி தந்திருக்கிறார்கள். கலியாணம் தை மாதம் கடைசிச் சனிக்கிழமை. நாற்பது பேர்தான், பெரிதாக ஒன்றுமில்லை.

சுவாமி என்னை இருத்தி ஒன்று சொன்னார். "மாக்கிறேட், இது அனுமானம்தான். நாளைக்கு அவர் உயிரோட வந்து நிண்டா, இந்தக் கலியாணம் செல்லாது. அவர்தான் உமக்குப் புருஷன்" என்றார். நான் அதைச் சுமந்துகொண்டு வந்து பாலாவிடம் சொன்னேன். இந்த மனிதர் இதோடு போய்விடுவார் என்றுதான் நினைத்தேன். அவர், "வந்தா வரட்டும்ங்க. நான் என் பையை எடுத்துட்டுக் கெளம்பிடறேன். ஆனா இவ்வளவு நாளா எங்க இருந்தாருன்னு எனக்கும் சொல்லச் சொல்லுங்க. அதைக் கேட்டுட்டுப் போறேன்" என்றார்.

அன்றைக்குத்தான் தம்பி நான் அழுதேன். சத்தம் போட்டு, ஜெனோஜா ஓடிவரும்வரை அழுதேன். உங்கள் அண்ணனுக்காக அழுதேனா, இந்த மனிதருக்காகவா என்று இப்போதும் தெரியவில்லை. பக்கத்தில் இருந்து ஜெனோஜாவும் அழுதாள்.

அடுத்த யூலையில் பூசைக்கு என்ன சொல்லிக் கொடுப்பது என்று இன்னும் முடிவு செய்யவில்லை. நீங்களும் நானும் ஒன்றாக இருந்து ஒரு பெயரில் கொடுப்போம், இனியும் ஆண்டவரைக் குழப்ப வேண்டாம்.

இப்போது நான் கேட்கப்போவதற்கு லைன் கிளியர் இல்லை என்று சொல்லக்கூடாது. என்னைப் பீடத்தடிக்குக் கூட்டிக்கொண்டு போக எனக்கு அப்பா இல்லை, கூடப்பிறந்தவர் இல்லை. நீங்கள்தான் கையைப் பிடித்துக் கூட்டிப்போக வேண்டும். புருஷனின் தம்பி மறு கலியாணத்துக்குக் கை பிடிப்பது எந்த ஊர் வழக்கம் என்று சுவாமியே கேட்டார். எங்கள் வழக்கம் என்றேன்.

கோயில் வாசலில் நான் ஒருதரம் நின்று வீதியைத் திரும்பிப் பார்ப்பேன். எனக்கு அது வேண்டும், மறிக்காதீர்கள். நீங்கள் பார்க்கவேண்டாம் தம்பி. நீங்கள் பார்த்தது போதும்.

அண்ணி
மாக்கிறேட்